ஒளிபரப்பிலிருந்து வட்டிற்கு: ‘டபிள்யூகேஆர்பி இன் சின்சினாட்டி’ தொடரின் இல்லக் காணொளி வெளியீடும் பாட மாற்றமும்

ஆய்வுச் சுருக்கம்

பழைய தொலைக்காட்சித் தொடரொன்று டிவிடி வட்டாக வெளிவரும்போது அதனை முதல் ஒளிபரப்பின் நேர்படியாகவே ஆய்வாளர் பலரும் கொள்கின்றனர். அமெரிக்கச் சூழல் நகைச்சுவைத் தொடரான ‘டபிள்யூகேஆர்பி இன் சின்சினாட்டி’ (1978–1982) 2007இலும் 2014இலும் பெற்ற இரு வெளியீடுகளை முன்வைத்து அந்த எண்ணத்தை இக்கட்டுரை மறுக்கிறது. தொடர் தயாரிக்கப்பட்ட காலத்தில் பதிவு ஊடகம், இசை உரிமம் ஆகியன குறித்து எடுத்த பொருளியல் முடிவுகளே முப்பது ஆண்டுகளுக்குப் பின் வாசகர் கைக்கு எட்டும் பாடத்தைத் தீர்மானித்தன என்பது இதன் கருதுகோள்.

திறவுச்சொற்கள்: சூழல் நகைச்சுவைத் தொடர், இல்லக் காணொளி, இசை உரிமம், பாட வேறுபாடு, தொலைக்காட்சி வரலாறு

முன்னுரை

தொலைக்காட்சி வரலாற்றை எழுதுவோர்க்கு மூலம் என்பது எது? நாளிதழுக்கு அச்சிட்ட தாள் உண்டு. திரைப்படத்திற்குப் படச்சுருள் உண்டு. தொலைக்காட்சி நிகழ்ச்சியோ ஒரு குறிப்பிட்ட இரவில், ஒரு குறிப்பிட்ட நேரத்தில் ஒளிபரப்பாகி மறைந்தது. அதனை மீண்டும் காண விரும்பும் ஆய்வாளர் பெரும்பாலும் நாடுவது கடையில் விற்கும் வட்டுத் தொகுப்பையே. அதிலுள்ள காட்சியையும் உரையாடலையும் 1955ஆம் ஆண்டினது, 1978ஆம் ஆண்டினது என்று மேற்கோள் காட்டுகிறார். பாடபேதம் பாராமல் ஒரு செய்யுளடியையும் எடுத்தாளத் தயங்குபவர்கூட இங்கே அத்தகைய தயக்கம் கொள்வதில்லை.

இத்தயக்கமின்மைக்குக் காரணம் உண்டு. ஏட்டுச்சுவடியைப் படியெடுப்பவர் கை தவறலாம். இயந்திரம் தவறாது என்பது பொதுவான நம்பிக்கை. காந்த நாடாவிலிருந்து வட்டிற்கு மாற்றுகையில் சொல் மாறாது, வரி விடுபடாது என்று கொள்கிறோம். இயந்திரத்தைப் பொறுத்தவரை இது ஏறத்தாழ உண்மைதான். ஆயினும் ஒரு தொடர் வட்டாவதற்கு முன் இயந்திரத்தைத் தவிர வேறு பலரின் கைகளையும் கடந்து வருகிறது: உரிமை பெற்ற நிறுவனம், பாடலின் வெளியீட்டாளர், இசைத்தட்டு நிறுவனம், மறுஒளிபரப்பு நிலையம், வழக்கறிஞர். இவர்கள் செய்யும் மாற்றம் கைப்பிழையன்று, திட்டமிட்டுச் செய்யப்படுவது. அதனால் அது பார்ப்பவர் கண்ணுக்கு எளிதில் புலப்படுவதுமில்லை.

படச்சுருள், கினஸ்கோப், அழிந்த நாடா

1951 அக்டோபர் 15 அன்று சிபிஎஸ் வலையமைப்பில் தொடங்கிய ‘ஐ லவ் லூசி’ தொடரிலிருந்து இவ்வரலாற்றைத் தொடங்குவது பொருந்தும். அக்காலத்தில் அமெரிக்க நகைச்சுவை நிகழ்ச்சிகள் பெரும்பாலும் நியூயார்க்கிலிருந்து நேரலையாக ஒளிபரப்பாயின. மேற்குக் கரையிலுள்ளோர்க்குத் திரையைப் படக்கருவியால் படம்பிடித்து உருவாக்கிய மங்கலான ‘கினஸ்கோப்’ படியே கிடைத்தது. லூசில் பால், டெசி அர்னாஸ் இணையர் ஹாலிவுட்டை விட்டு நகர விரும்பவில்லை. ஆகவே பார்வையாளர் முன்னிலையில் மூன்று படக்கருவிகளால் 35 மி.மீ. படச்சுருளில் பதிவு செய்யும் முறையை மேற்கொண்டனர். கார்ல் ஃபிராய்ண்ட் ஒளிப்பதிவாளராக இருந்தார். கூடுதல் செலவை ஈடுசெய்யத் தம் ஊதியத்தில் ஒரு பகுதியைக் குறைத்துக்கொண்டு, அதற்கு மாற்றாகப் படச்சுருள்களின் உடைமையை அவர்களின் டெசிலு நிறுவனம் பெற்றது. இருக்கும் ஊரைவிட்டு நகர மனமில்லாமை என்ற நடைமுறைக் காரணமே அத்தொடரின் 180 அத்தியாயங்களுக்கும் அழியாத படியைத் தந்தது. 2014இல் அதன் முதற்பருவம் புளூ-ரே வட்டாக உயர்துல்லியத்தில் வெளிவர முடிந்ததும் அப்படச்சுருளால்தான்.

அங்கும் பாடம் முழுமையாக நிலைக்கவில்லை. முதல் ஒளிபரப்பில் சிகரெட் நிறுவனமான ஃபிலிப் மாரிஸ் நிதி ஆதரவளித்ததால், ஒவ்வோர் அத்தியாயமும் லூசியும் ரிக்கியும் கோட்டுச்சித்திரங்களாகத் தோன்றும் அசைவூட்டத்தோடு தொடங்கியது. பட்டுத்துணிமேல் இதய வடிவம் தோன்றும் தொடக்கம் பிற்கால மறுஒளிபரப்பிற்காக உருவானது. பல தலைமுறையினர் ‘மூலம்’ என்று நினைவில் கொண்டுள்ளது இப்பின்னைய தொடக்கத்தையே. டிவிடி வெளியீடுகளில்தான் பழைய கோட்டுச்சித்திரத் தொடக்கங்கள் மீண்டும் காணக் கிடைத்தன. எனவே இல்லக் காணொளி எப்போதும் பாடத்தைக் குறைக்கும் என்று சொல்வதற்கில்லை. சில வேளைகளில் அது மறைந்த பகுதியை மீட்டும் தருகிறது.

மீட்பின் வேறிரு நிகழ்வுகளையும் சுட்டலாம். ஜாக்கி கிளீசனின் ‘தி ஹனிமூனர்ஸ்’ என்றால் 1955–56இல் படமாக்கப்பட்ட 39 அத்தியாயங்களே என்று நெடுங்காலம் கருதப்பட்டது. அவர் தம் காப்பறையில் வைத்திருந்த கினஸ்கோப் படிகள் 1980களின் இடையில் வெளிக்கொணரப்பட்டு, ‘இழந்த அத்தியாயங்கள்’ என்ற பெயரில் தொலைக்காட்சிக்கும் பின்னர் இல்லக் காணொளிக்கும் வந்தன. பிரிட்டனில் பிபிசி நிறுவனம் நாடாக்களை அழித்து மீண்டும் பயன்படுத்திய காலத்தில் ‘டாட்ஸ் ஆர்மி’ தொடரின் இரண்டாம் பருவம் பெரும்பகுதி மறைந்தது. அவற்றுள் இரண்டு அத்தியாயங்களின் படச்சுருள்கள் 2001இல் கிடைத்தன. மூன்று இன்னும் கிடைக்கவில்லை. மறுமுறை விற்க முடியாத பண்டம் என்று கருதப்பட்டதால்தான் நாடா அழிக்கப்பட்டது. இல்லக் காணொளி என்ற சந்தை உருவாகும் என்பதை அப்போது எவரும் கணக்கில் கொள்ளவில்லை.

வீட்டு அலமாரிக்கு வந்த தொடர்

சோனியின் பீட்டாமேக்ஸ் 1975இலும் ஜேவிசியின் விஎச்எஸ் 1976இலும் சந்தைக்கு வந்தன. வீட்டில் ஒளிபரப்பைப் பதிவுசெய்தல் பதிப்புரிமை மீறல் என்று யுனிவர்சல், டிஸ்னி நிறுவனங்கள் தொடுத்த வழக்கில், பின்னர்க் காண்பதற்காகப் பதிவுசெய்தல் நியாயமான பயன்பாடே என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1984 ஜனவரியில் ஐந்துக்கு நான்கு என்ற பெரும்பான்மையில் தீர்ப்பளித்தது. இத்தீர்ப்பு பார்வையாளரின் கையில் ஒரு படியை வைத்துக்கொள்ளும் உரிமையை உறுதிசெய்தது. அதன் முக்கியத்துவம் கீழே தெளிவாகும்.

திரைப்படங்களுக்கு விரைந்து உருவான ஒளிநாடாச் சந்தை, தொடர்களுக்கு உருவாகவில்லை. நாடாப் பேழை ஒன்றில் சில அத்தியாயங்களே அடங்கும்; தொண்ணூறு அத்தியாயங்கள் கொண்ட தொடருக்கு ஓர் அலமாரியே தேவைப்படும். மேலும், மறுஒளிபரப்பில் நாள்தோறும் இலவசமாகக் கிடைப்பதை எவர் விலை கொடுத்து வாங்குவார் என்ற ஐயமும் விற்பனையாளர்க்கு இருந்தது. 1997இல் அமெரிக்கச் சந்தைக்கு வந்த டிவிடி வட்டு இடச்சிக்கலைத் தீர்த்தது. 2000ஆம் ஆண்டில் ஃபாக்ஸ் நிறுவனம் ‘தி எக்ஸ்-ஃபைல்ஸ்’ தொடரின் முதற்பருவத்தை ஒரே பெட்டியில் வெளியிட்டு வெற்றி கண்டபின், பருவம் பருவமாகத் தொடர்களை வெளியிடுவது தொழில்முறையாயிற்று. பழைய காப்பறைகள் திறக்கப்பட்டன. இசை உரிமச் சிக்கல் முழு அளவில் வெளிப்பட்டதும் அப்போதுதான்.

பாடலே கதையான தொடர்

‘டபிள்யூகேஆர்பி இன் சின்சினாட்டி’ 1978 செப்டம்பர் 18 அன்று சிபிஎஸ்ஸில் தொடங்கி, 1982 ஏப்ரல் வரை நான்கு பருவங்களாக, 90 அத்தியாயங்கள் ஒளிபரப்பாயிற்று. மேரி டைலர் மூரின் பெயரைக் கொண்ட எம்டிஎம் நிறுவனம் தயாரித்தது. உருவாக்கியவர் ஹியூ வில்சன். அட்லாண்டாவில் விளம்பரத்துறையில் பணியாற்றியபோது அவ்வூர் வானொலி நிலையமொன்றில் கண்ட மனிதர்களை ஒட்டியே கதைமாந்தரைப் படைத்தார். நலிந்துவரும் வானொலி நிலையம், அதன் கூச்சமுள்ள மேலாளர் கார்ல்சன், அவருடைய கடுமையான தாய், புதிதாக வந்த நிகழ்ச்சி இயக்குநர் ஆண்டி டிராவிஸ், எதையும் தப்பாகவே புரிந்துகொள்ளும் செய்தியாளர் லெஸ் நெஸ்மன், பல ஊர்களில் வேலை இழந்து வந்த அறிவிப்பாளர் டாக்டர் ஜானி ஃபீவர் ஆகியோரைச் சுற்றிக் கதை நகர்கிறது.

முதல் அத்தியாயத்தின் திருப்பமே ஒரு பாடல்தான். முதியோர்க்கான மெல்லிசையை ஒலிபரப்பிவந்த நிலையம் ராக் இசைக்கு மாறுகிறது. ஜானி ஃபீவர், சுழன்றுகொண்டிருந்த பழைய இசைத்தட்டை முள் உரசும் ஓசையோடு நிறுத்திவிட்டு, டெட் நியூஜென்டின் ‘குயீன் ஆஃப் தி ஃபாரஸ்ட்’ பாடலை ஒலிக்கவிடுகிறார். சோர்ந்து கிடந்த மனிதர் அக்கணத்தில் உயிர் பெறுகிறார். அப்பாடலின் முரட்டுத்தன்மையும் முந்தைய இசையின் மென்மையும் உரசும் இடத்தில்தான் நகைச்சுவையும் கதையும் பிறக்கின்றன. அங்கே வேறெந்த ஓசையை இட்டாலும் நிகழ்வு நிகழும், பொருள் நிகழாது.

இதனைப் பின்னணி இசையினின்று வேறுபடுத்திக் காண வேண்டும். பெரும்பாலான தொடர்களில் இசை காட்சிக்கு வெளியே இருக்கிறது. கதைமாந்தர் அதைக் கேட்பதில்லை. இத்தொடரிலோ பாடல் கதையுலகத்திற்குள் ஒலிக்கிறது. கதைமாந்தர் அதைத் தேர்கின்றனர், வெறுக்கின்றனர், அதைப் பற்றிப் பேசுகின்றனர். ஜானி ஃபீவராக நடித்த ஹோவர்ட் ஹெஸ்மன், 1960களில் சான்பிரான்சிஸ்கோ வானொலியில் உண்மையாகவே அறிவிப்பாளராகப் பணியாற்றியவர் என்பதும் ஈண்டு நினைக்கத்தக்கது.

மூன்று காட்சிகள் இதனை விளக்கும். ஜெனிஃபரோடு விருந்துக்குச் செல்ல ஆயத்தமாகும் லெஸ் நெஸ்மன், கண்ணாடி முன் நின்று பொய்முடியைத் தலையில் பொருத்திக்கொள்ளும்போது ஒலிப்பது ஃபாரினர் குழுவின் ‘ஹாட் பிளடட்’. காம வேட்கை பொங்கும் பாடலும் அக்கூச்சமுள்ள மனிதரின் தோற்றமும் ஒன்றோடொன்று மோதுவதே அக்காட்சியின் நகைச்சுவை. உரையாடல் ஏதும் சிரிப்பை உண்டாக்கவில்லை. அடுத்தது, சோவியத் நாட்டிலிருந்து தப்பிவந்தவர் எல்டன் ஜானின் பாடல் வரிகளைக் கொண்டே ஆங்கிலம் பேச முயலும் அத்தியாயம். மூன்றாவது, 1978 அக்டோபர் 30 அன்று ஒளிபரப்பான, நன்றியறிதல் நாளுக்கான ‘டர்க்கீஸ் அவே’. வான்கோழிகளை ஹெலிகாப்டரிலிருந்து இறக்கி விளம்பரம் தேட மேலாளர் செய்யும் ஏற்பாடு பேரழிவாக முடிகிறது; பறவை ஒன்றும் திரையில் காட்டப்படாமல், 1937இன் ஹிண்டன்பர்க் வான்கப்பல் விபத்தை வருணித்த வானொலிச் செய்தியாளரின் குரலை நினைவூட்டும் வகையில் லெஸ் நெஸ்மனின் வருணனை வழியாகவே அது சொல்லப்படுகிறது. அந்த அத்தியாயத்தில் ஒரு சிறு காட்சி உண்டு. வேலையின்றி அறை அறையாகத் திரியும் கார்ல்சன் ஒலிபரப்பு அறைக்குள் நுழைகிறார். அப்போது பிங்க் ஃபிளாய்ட் குழுவின் ‘டாக்ஸ்’ ஒலித்துக்கொண்டிருக்கிறது. பாட்டினூடே நாய்கள் குரைப்பது போலக் கேட்கிறதே என்று அவர் வியந்து வினவுகிறார்.

பாடலை அகற்றினால் முதற்காட்சியின் சுவை கெடும். இறுதிக் காட்சியோ நிற்கவே முடியாது. நாய் குரைக்காத இசையைக் கேட்டு நாய் குரைப்பதைப் பற்றி ஒருவர் வினவ இயலாது. உரிமம் காலாவதியான பின் சுற்றுக்கு வந்த படிகளில் அக்காட்சி நீக்கப்பட்டது. இழந்தது ஒரு பாடல் மட்டுமன்று. மேலாளரின் வெகுளித்தனத்தை நிறுவும், வான்கோழித் திட்டத்துக்கு அவரை இட்டுச்செல்லும் கதைப்படியுமாகும்.

இத்தொடர் வெறும் கேளிக்கையன்று, காலத்தின் பதிவு என்பதற்கு வேறொரு சான்று ‘இன் கான்சர்ட்’ அத்தியாயம். 1979 டிசம்பர் 3 அன்று சின்சினாட்டி நகரின் ரிவர்ஃபிரண்ட் கொலிசியத்தில் ‘தி ஹூ’ குழுவின் நிகழ்ச்சிக்கு முன் ஏற்பட்ட நெரிசலில் 11 பேர் இறந்தனர். கதை நிகழும் நகரிலேயே நடந்த அத்துயரத்தை 1980 பிப்ரவரி 11 அன்று ஒளிபரப்பான அத்தியாயம் நேராக எடுத்துரைத்தது. இருக்கை எண் இல்லாத நுழைவுமுறையின் தீமையையும் நகர மன்றம் அதைத் தடைசெய்ததையும் சொன்னது. நகைச்சுவைத் தொடரொன்று பத்து வாரங்களுக்குள் இவ்வாறு எதிர்வினையாற்றியது அரிது. இத்தகைய தொடரில் எந்த இரவில் எந்தப் பாடல் ஒலித்தது என்பதும் வரலாற்றுத் தரவே.

ஒளிநாடாவும் ஒப்பந்தமும்

எம்டிஎம் நிறுவனத்தின் ஏனைய புகழ்பெற்ற நகைச்சுவைத் தொடர்கள் படச்சுருளில் பதிவானவை. இத்தொடரோ ஒளிநாடாவில் பதிவாயிற்று. அக்காலத்தில் ஒளிநாடா நிகழ்ச்சிகளுக்கான இசை உரிமக் கட்டணம் படச்சுருளுக்கானதினும் குறைவு என்பதே அதற்குக் காரணம் எனத் தொடரின் வரலாற்றைக் கூறுவோர் குறிப்பிடுவர். கலப்பு இசைநிகழ்ச்சிகள் ஒளிநாடாவில் பதிவாகிவந்ததால் அதற்கேற்ற கட்டண முறை உருவாகியிருந்தது. நகைச்சுவைத் தொடரொன்று அதன் நிழலில் ஒதுங்கியது. அதனால் ரோலிங் ஸ்டோன்ஸ் போன்ற குழுக்களின் அசல் பதிவுகளைக்கூட ஒரு சிறு தொடர் வாரந்தோறும் பயன்படுத்த முடிந்தது.

‘ஐ லவ் லூசி’யோடு இதனை ஒப்பிட வேண்டும். அங்கே கூடுதல் செலவு செய்து எடுத்த முடிவு பாடத்தைக் காத்தது. இங்கே செலவைக் குறைக்க எடுத்த முடிவு தொடரை உயிர்ப்பித்தது. அதே முடிவு பின்னாளில் அதன் பாடத்தைச் சிதைத்தது. இதனைத் தயாரிப்பாளரின் குறுகிய நோக்கு என்று குற்றஞ்சாட்டுவது பொருந்தாது. மலிவான உரிமம் கிடைத்திராவிட்டால் அப்பாடல்கள் முதலிலேயே இடம்பெற்றிரா.

பதிவுசெய்த பாடலொன்றைத் திரைக்காட்சியோடு இணைக்க இரண்டு இசைவுகள் தேவை. பாட்டு, மெட்டு ஆகியவற்றின் உரிமையுடைய வெளியீட்டாளரிடம் ஒத்திசைவு உரிமம் பெற வேண்டும். குறிப்பிட்ட பாடகரின் குறிப்பிட்ட பதிவைப் பயன்படுத்த இசைத்தட்டு நிறுவனத்திடம் மூலப்பதிவு உரிமம் பெற வேண்டும். இரண்டும் இடம், காலம், ஊடகம் ஆகியவற்றால் வரையறுக்கப்படும். இத்தொடருக்குப் பெற்ற உரிமங்கள் வரையறுத்த ஆண்டுகளுக்கே உரியவை.

ஊடக வரையறையைப் பற்றிய தெளிவை நீதிமன்றமே தர வேண்டியிருந்தது. ஹாஸ்கல் வெக்ஸ்லரின் ‘மீடியம் கூல்’ (1969) திரைப்படத்தில் இடம்பெற்ற ஒரு பாடலுக்கான உரிமம், திரையரங்கிலும் ‘தொலைக்காட்சி வாயிலாகவும்’ காட்ட இசைவளித்திருந்தது. அப்படம் ஒளிநாடாப் பேழையாக விற்கப்பட்டபோது பாடலின் உரிமையாளர் வழக்குத் தொடுத்தார். பேழையும் தொலைக்காட்சிப் பெட்டி வழியாகத்தானே காணப்படுகிறது என்பது பாரமவுண்ட் நிறுவனத்தின் வாதம். 1988இல் ஒன்பதாம் சுற்று மேல்முறையீட்டு நீதிமன்றம் அதனை ஏற்கவில்லை. ஒளிபரப்பு என்பது நிலையத்தின் கட்டுப்பாட்டில் நிகழ்வது. பேழையோ பார்ப்பவரின் விருப்பப்படி இயங்குவது. உரிமம் வழங்கிய காலத்தில் இல்லாத சந்தைக்கு அவ்வுரிமம் நீளாது என்று தீர்ப்பளித்தது. இதன் விளைவாக, 1970களில் தொலைக்காட்சிக்கென எழுதிய உரிமங்களை மட்டும் நம்பி எந்த நிறுவனமும் துணிந்து பேழையோ வட்டோ வெளியிட இயலாமற் போயிற்று. ஒவ்வொரு பாடலுக்கும் புதிதாகப் பேரம் பேச வேண்டும்.

பேரத்தின் தன்மையும் இதற்குள் மாறிவிட்டது. 1978இல் இத்தொடரில் ஒலிப்பது புதிய பாடலுக்கு விளம்பரம். பிளாண்டி குழுவின் ‘ஹார்ட் ஆஃப் கிளாஸ்’ அமெரிக்காவில் பரவ இத்தொடர் துணைநின்றது என்பதால் அக்குழு சார்பில் தங்க இசைத்தட்டு ஒன்று தயாரிப்பாளர்க்கு வழங்கப்பட்டது. அது அரங்கின் சுவரில் மாட்டப்பட்டு அத்தியாயங்களில் தெரியவும் செய்தது. இருபது ஆண்டுகள் கழித்து அப்பாடல்கள் செவ்வியல் தகுதி பெற்றன; விளம்பரம் தேவையில்லை. நன்றிக்கு உரியவராயிருந்த தொடர், கட்டணம் செலுத்த வேண்டிய வாடிக்கையாளராயிற்று.

2007ஆம் ஆண்டு வெளியீடு

முதல் ஒளிபரப்பில் சிபிஎஸ் நேரத்தை அடிக்கடி மாற்றியதால் அலைக்கழிந்த இத்தொடர், மறுஒளிபரப்பில் எம்டிஎம்மின் ஏனைய நகைச்சுவைத் தொடர்களையும் விஞ்சிய வெற்றி பெற்றது. அவ்வெற்றி நீடித்ததே சிக்கலுக்கும் வித்திட்டது. உரிமக்காலம் முடிந்ததும், 1990களின் தொடக்கத்திலிருந்து வந்த படிகளில் அசல் பாடல்கள் அகற்றப்பட்டு, பெயரற்ற கிடங்கு இசை இடப்பட்டது. அக்காலத் தொலைக்காட்சி ஒலி ஒற்றைத் தடத்தில் அமைந்தது. பாடலும் பேச்சும் கலந்திருந்த இடங்களில் பாடலை மட்டும் பிரித்தெடுக்க வழியில்லை. ஆகவே குரலொத்த வேறு நடிகர்களைக் கொண்டு வசனமே மறுகுரல் கொடுக்கப்பட்டது. திரையில் அசைவது ஒருவர் வாய். கேட்பது மற்றொருவர் குரல். நடிப்பின் பதிவு என்ற நிலையிலும் அப்படி சான்றாகத் தகுதியிழந்தது.

இடையே உரிமையும் கைமாறிற்று. எம்டிஎம் 1988இல் பிரிட்டனின் டிவிஎஸ் நிறுவனத்திற்கும், 1993இல் இன்டர்நேஷனல் ஃபேமிலி என்டர்டெய்ன்மென்டிற்கும், 1997இல் அதன்வழி ஃபாக்ஸ் குழுமத்திற்கும் சென்றது. 2007 ஏப்ரல் 24 அன்று ஃபாக்ஸ் முதற்பருவத்தை டிவிடி தொகுப்பாக வெளியிட்டது. பெரும்பாலான பாடல்கள் மாற்றப்பட்டிருந்தன. சில காட்சிகள் குறைக்கப்பட்டிருந்தன. பாடலே உயிரான தொடரைப் பாடலின்றி வாங்கப் பார்வையாளர் முன்வரவில்லை. அடுத்த பருவங்கள் ஃபாக்ஸிடமிருந்து வரவேயில்லை. சுவைஞரின் மறுப்பு ஒரு பாடத்தைச் சந்தையினின்று விலக்கியது என்று இதனைக் கூறலாம். பதிப்பு வரலாற்றில் இது அடிக்கடி காணக்கூடிய நிகழ்வன்று.

இச்சிக்கல் இத்தொடருக்கு மட்டும் உரியதன்று. ‘மேரிட்... வித் சில்ட்ரன்’ தொடரின் முகப்புப் பாடலாகிய ஃபிராங்க் சினாட்ராவின் ‘லவ் அண்ட் மேரேஜ்’ மூன்றாம் பருவ டிவிடி முதல் நீக்கப்பட்டது. ‘தி வொண்டர் இயர்ஸ்’ 2014 வரை முழுத்தொகுப்பாக வெளிவர இயலவில்லை. இவற்றோடு ஒப்பிட, டபிள்யூகேஆர்பியின் முகப்புப் பாடலுக்கு ஊறு நேராததன் காரணம் எளிது: அது ஹியூ வில்சனின் வரிகளுக்கு டாம் வெல்ஸ் இசையமைத்து, தொடருக்கென்றே உருவானது.

2014ஆம் ஆண்டு வெளியீடும் எஞ்சிய சான்றுகளும்

2014 அக்டோபர் 28 அன்று ஷவுட்! ஃபேக்டரி நிறுவனம் நான்கு பருவங்களையும் 13 வட்டுகளில் வெளியிட்டது. அசல் பாடல்களுள் பெரும்பான்மை திரும்பி வந்தன, சில வரவில்லை. ஏழாண்டுகளுக்கு முன் பெரிய நிறுவனத்திற்கு இயலாதது சிறிய நிறுவனத்திற்கு எப்படி இயன்றது என்ற வினா எழும். அதற்கான விடையின் ஒரு பகுதி அந்நிறுவனத்தின் பின்புலத்தில் உள்ளது. 2002இல் தொடங்கிய ஷவுட்! ஃபேக்டரியின் நிறுவனர்கள், பழைய இசைப் பதிவுகளை மறுவெளியீடு செய்வதில் பெயர்பெற்ற ரைனோ ரெக்கார்ட்ஸ் நிறுவனத்தில் இருந்தவர்கள். பாடல் பாடலாக உரிமையாளரைத் தேடிப் பேசுவது அவர்களுக்குப் பழகிய தொழில். 2004இல் ‘ஃபிரீக்ஸ் அண்ட் கீக்ஸ்’ தொடரை அதன் பாடல்கள் அனைத்தோடும் அவர்கள் வெளியிட்டிருந்தனர். பெருநிறுவனத்தின் கணக்கில் ஒரு பழைய தொடர் நூற்றுக்கணக்கான பண்டங்களுள் ஒன்று. இவர்களுக்கோ அசல் இசை இருப்பதே விற்பனைக் காரணம். முன்னைய வெளியீட்டின் தோல்வியே பின்னதற்கு வழிகாட்டியது என்றும் கொள்ளலாம்.

எனினும் 2014ஆம் ஆண்டுத் தொகுப்பை ‘மூலம்’ என்றழைப்பது பொருந்தாது. அது பல படிகளை நோக்கி, இயன்றவரை மூலத்தை அணுகிய ஒரு பதிப்பு. எந்த இடத்தில் மாற்று இசை உள்ளது என்பதை வட்டின் அட்டை விவரிப்பதில்லை. சுவடிப்பதிப்பில் அடிக்குறிப்பாக வரும் பாட வேறுபாட்டுப் பட்டியலுக்கு இணையான ஒன்று இத்துறையில் வழக்கமாகவில்லை. இக்குறையை நிரப்பியோர் பல்கலைக்கழகத்தார் அல்லர், ஆர்வலர்கள். முதல் ஒளிபரப்பையோ, உரிமக்காலம் முடியுமுன் வந்த மறுஒளிபரப்பையோ வீட்டு நாடாவில் பதிவுசெய்து வைத்திருந்தவர்கள், வட்டோடு ஒப்பிட்டு எந்த அத்தியாயத்தில் எந்தப் பாடல் இருந்தது, எது மாறியது என்று பட்டியலிட்டனர். 1984ஆம் ஆண்டுத் தீர்ப்பு பின்னர்க் காண்பதற்கென இசைவளித்த அப்பதிவுகள், எதிர்பாராத வகையில் ஒப்புநோக்குப் படிகளாயின.

அந்நாடாக்களும் குறையற்றவை அல்ல. மறுஒளிபரப்பு நிலையங்கள் கூடுதல் விளம்பரத்திற்கு இடந்தேடி அத்தியாயங்களைச் சில நிமிடங்கள் வெட்டின. எனவே பழைய மறுஒளிபரப்பு நாடாவில் பாடல் அசலாக இருந்து காட்சி குறையலாம். வட்டில் காட்சி நிறைந்து பாடல் வேறாகலாம். ஒரே அத்தியாயத்தின் இரு சான்றுகள் வெவ்வேறு வகையில் குறைவுபடுவதால் ஒன்றையொன்று கொண்டே நிரப்ப வேண்டியுள்ளது. செய்தி ஒளிபரப்புகளை 1968 முதல் தொடர்ந்து பதிவுசெய்துவரும் வாண்டர்பில்ட் பல்கலைக்கழகக் காப்பகம் போன்ற முறையான ஏற்பாடு கேளிக்கை நிகழ்ச்சிகளுக்கு அமையவில்லை. 1975இல் நியூயார்க்கில் நிறுவப்பட்ட ஒளிபரப்பு அருங்காட்சியகம் போன்றவை தேர்ந்தெடுத்த அத்தியாயங்களையே வைத்துள்ளன.

ஆகவே இத்தொடரை மேற்கோள் காட்டும் ஆய்வு, அத்தியாயத்தின் பெயரையும் ஒளிபரப்பு நாளையும் தருவதோடு, 2007ஆம் ஆண்டுப் படியா, 2014ஆம் ஆண்டுப் படியா, மறுஒளிபரப்பு நாடாவா என்பதையும் குறிக்க வேண்டும். இசை குறித்த முடிவு எதையும் வட்டொன்றை மட்டும் கொண்டு கூறலாகாது. காட்சியைக் கூர்ந்து நோக்குவதும் பயன் தரும். ஏனெனில் மாற்றப்பட்டது ஒலியே. எந்தப் படியிலும் பிளாண்டி குழுவின் தங்க இசைத்தட்டு அலுவலகச் சுவரில் மாட்டப்பட்டபடியே இருக்கிறது.